சைபரில் வைத்த முள்

நான் பயந்தாங்கொள்ளிதான். குக்கர் விசில் அடிக்கப் போகிறது என்று தெரிந்தாலே அடுப்பை விட்டு நாலடி தள்ளி நிற்பேன். வீட்டில் எல்லாரும் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். பிரஷர் கேஜைப் பார்த்துச் சம்பளம் வாங்குகிறவளுக்குக் குக்கரைப் பார்த்தால் பயம் வராமல் பாட்டா வரும்?

வில்லியனூர் பக்கத்துத் தொழிற்பேட்டையில் ஒரு காலிபரேஷன் லேபில் எனக்கு வேலை. கம்பெனிகளில் பிரஷர் கேஜ், தெர்மாமீட்டர், தராசு என்று எத்தனையோ இருக்கும். அவை காட்டுவது உண்மைதானா என்று எங்களிடம் உள்ள மாஸ்டர் கருவியோடு ஒப்பிட்டுப் பார்த்து, எவ்வளவு தப்பாகக் காட்டுகிறது என்று எழுதிக் கொடுப்போம். தேறினால் பச்சை ஸ்டிக்கர். தேறாவிட்டால் சிவப்பு. சொந்தக்காரர்கள் கல்யாணத்தில் என் தொழிலைப் பற்றிக் கேட்டால் இந்த அளவோடு நிறுத்திக்கொள்வேன். அதற்கு மேல் சொன்னால் கொட்டாவி விடுவார்கள்.

இந்தத் தொழில் இன்றைக்கு இருக்கிற இருப்பைச் சொன்னால் வயிற்றெரிச்சல். நான் சேர்ந்தபோது கம்பெனிக்காரர்கள் எங்களுக்காகக் காத்திருப்பார்கள். இப்போது தெருவுக்கு ஒருத்தர் கிளம்பிவிட்டார்கள். அவர்களில் சிலரிடம் மாஸ்டர் கருவி என்று ஒன்று இருக்கிறதா என்பதே சந்தேகம். லேப்டாப் இருக்கிறது, பிரிண்டர் இருக்கிறது. “கேஜ போட்டோ எடுத்து வாட்ஸ்அப்ல போடுங்க சார், சாயங்காலம் சர்டிபிகேட் வந்துடும்” என்கிறார்கள். வந்தும் விடுகிறது. ஆடிட்டுக்கு வருகிறவர் ஸ்டிக்கரில் தேதியைப் பார்க்கிறார், தலையாட்டுகிறார், போகிறார். அளவு சரியா என்று என்னிடம் யாராவது கேட்டு எத்தனையோ காலமாயிற்று. எங்கள் லேப் முதலாளி நல்ல மனுஷன். ஆனால் அவரும் இப்போதெல்லாம் “போற எடத்துல கொஞ்சம் அனுசரிச்சுப் பேசும்மா” என்று சொல்லித்தான் அனுப்புகிறார். நான் பேச்சில் அனுசரிப்பேன். முள்ளை எப்படி அனுசரிப்பது?

என் வீட்டுக்காரர் பாகூர் பக்கம், கடற்கரைக்குப் போகிற வழியில் இருந்த ஓர் ஐஸ் பிளான்டில் ஆபரேட்டர். பனித்திட்டு மாதிரி மீன்பிடி ஊர்களிலிருந்து வண்டிகள் வந்து படகுகளுக்கு ஐஸ் ஏற்றிப் போகும். ஐஸ் கட்டுவது அமோனியா வாயுவை வைத்து. குழாயில் எங்காவது பிய்த்துக்கொண்டால் முதலில் கண் போகும், அப்புறம் மூச்சுக் கிடைக்காது. அந்த மிஷினுக்குப் பக்கத்தில்தான் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு அவர் உட்கார்ந்திருப்பார். முள் பதினைந்தைத் தொட்டால் நிறுத்த வேண்டும் என்பது அங்கே கணக்கு. அதற்கென்று தானாக நிறுத்துகிற சுவிட்ச் ஒன்று இருந்தது. அது எப்போதோ கெட்டுப்போய், அதை விட்டுவிட்டுக் கம்பியை நேராக முறுக்கிவிட்டிருந்தார்கள். ஆக, முள்ளும் என் வீட்டுக்காரர் கண்ணும்தான் பாதுகாப்பு. அதையும் தாண்டிப் போனால், வாயு டேங்க் உச்சியில் இருக்கிற சேஃப்டி வால்வு பதினெட்டில் திறந்துகொண்டு, வாயுவைக் கூரைக்கு மேலே விட்டுவிடும்.

ஆயுத பூசைக்கு மிஷினைக் கழுவிப் பெயின்ட் அடித்துச் சந்தனம் குங்குமம் வைப்பது எல்லா இடத்திலும் உள்ளதுதான். அந்தப் பிளான்டில் இன்னொரு வழக்கமும் உண்டு. அன்றைக்கு எல்லாக் கேஜ் முள்ளும் சைபரில் நிற்க வேண்டும். மிஷின் ஓய்வெடுக்கிற நாள், முள்ளும் படுக்கணும் என்று முதலாளியின் அப்பா காலத்திலிருந்து வருகிறது. மிஷின் நின்றாலும் குழாய்க்குள் அழுத்தம் இருக்கும், முள் தானாக இறங்காது. அதனால் கேஜுக்கு அடியில் உள்ள சின்ன வால்வை மூடி, நட்டைத் தளர்த்தி, உள்ளே மாட்டிக்கொண்ட வாயுவை மட்டும் வெளியே விடுவார்கள். முள் இறங்கிவிடும். பூசை முடிந்ததும் வால்வைத் திறந்தால் பழையபடி ஏறும்.

போன பூசையன்று என் வீட்டுக்காரர் போட்டோ அனுப்பினார். குழாயெல்லாம் சில்வர் பெயின்ட். உச்சியில் சேஃப்டி வால்வு செக்கச்செவேலென்று, கழுத்தில் மாலையோடு. எல்லாம் தானே அடித்தது என்று பெருமையாக எழுதியிருந்தார். நானும் கைதட்டுகிற பொம்மையைப் பதிலுக்குத் தட்டிவிட்டேன்.

அடுத்த கோடையில் மீன்பிடித் தடைக்காலம் முடிய ஒரு வாரம் இருக்கும்போது, அந்தப் பிளான்ட் கேஜுகளைப் பார்க்க என்னை அனுப்பினார்கள். புருஷன் வேலை செய்கிற இடத்துக்குப் பெட்டியும் கையுமாகப் போவதில் எனக்குக் கொஞ்சம் ஜம்பம்கூட இருந்தது. பெரிய கேஜைக் கழற்றி என் கைப்பம்பில் மாட்டினேன். பக்கத்தில் மாஸ்டர். அழுத்தம் ஏற்றினால் மாஸ்டர் ஐந்து என்றது, அது இரண்டு என்றது. மாஸ்டர் பத்து, அது ஏழு. இறக்கிவிட்டுத் திரும்ப ஏற்றினேன். பதினைந்துக்குப் பன்னிரண்டு. எங்கே பார்த்தாலும் மூன்று குறைவு. அழுத்தமே இல்லாதபோது மட்டும் சைபரில் முள்ளைத் தடுக்கிற ஆணியில் சாய்ந்துகொண்டு ஒன்றும் தெரியாத பிள்ளையாட்டம் நின்றது.

கூட்டிக் காட்டுகிற கேஜ் என்றால் தொல்லை, அவ்வளவுதான். இது குறைத்துக் காட்டுகிறது. இவர் பதினைந்து என்று நிறுத்தும்போது உள்ளே பதினெட்டு இருக்கும்.

“யோவ், இந்தக் கேஜ யாரு தொறந்தது?” என்று அவரைத் தனியாக இழுத்துக் கேட்டேன்.

“நாந்தான். ஏன்?”

“எப்ப?”

“பூசைக்கு. நட்ட லூஸ் பண்ணேன், கப்புனு நெடி ஏறிச்சி. பயந்துபோய் டைட் பண்ணிட்டேன். முள்ளு மூணு கிட்ட நின்னுக்கினு எறங்கவே மாட்டன்னுச்சி. சரி, முள்ளு கெட்டுப்போச்சி போலனு கண்ணாடிய கழட்டி, புடுங்கி சைபர்ல வச்சித் தட்டிட்டேன்.”

“எறங்கலன்னா உள்ள இன்னும் கேஸ் இருக்குதுனு அர்த்தம்யா!”

சாமிக்கு முள் படுக்க வேண்டும் என்று, மூன்று அழுத்தத்தைச் சைபர் ஆக்கிவிட்டு மாதக்கணக்காக அதன் பக்கத்தில் உட்கார்ந்து டீ குடித்திருக்கிறார். நானே சரிசெய்துவிடலாம் என்று கண்ணாடியைக் கழற்றிப் பார்த்தேன். அவர் தட்டிய தட்டில் முள்ளின் அடி விரிசல் விட்டிருந்தது. எடுத்தால் திரும்ப நிற்காது. கேஜையே மாற்ற வேண்டும், அமோனியாவுக்கான கேஜ் சென்னையிலிருந்து வர வேண்டும்.

“கத்தாதடி, மொதலாளி காதுல வுழப் போவுது” என்றார். பிறகு, ரொம்பச் சமாதானமாக, “வுடு. நான் மூணு கூட்டிப் படிச்சிக்கிறேன். குருவிநத்தத்துக்காரர்கிட்டயும் சொல்லிடறேன்” என்றார். குருவிநத்தத்துக்காரர் என்பவர் அடுத்த ஷிஃப்ட் பார்க்கிற ஆபரேட்டர்.

நான் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டினேன்.

பிளான்ட் முதலாளிக்குப் பாகூர்க் கடைத்தெருவில் மளிகையும் உண்டு. அவர் கோபப்படவில்லை, சிரித்தார். “இன்னாம்மா, உன் புருசன் வேலை செய்யற எடத்துக்கே செவப்பு ஒட்டறியே. இத்தினி வருசமா ஓடுது, இன்னா ஆயிடுச்சி?”

“கேஜ மாத்தற வரைக்கும் ஓட்டாதீங்க சார். உள்ள ஆளு உக்காந்திருக்காங்க.”

“தடை முடியுது, போட்டுக்காரன்லாம் வாசல்ல நிப்பான். சீசன் போவட்டும், மாத்திக்கலாம்.”

மறுநாளே வேறொரு லேபிலிருந்து சர்டிபிகேட் வந்துவிட்டது. யாரும் நேரில் வரவில்லை. போட்டோதான் போனது. என் சிவப்பின் மேலேயே பச்சையை ஒட்டிவிட்டார்கள். எங்கள் லேப் முதலாளி என்னைக் கூப்பிட்டு, “அந்தப் பக்கம் இனிமே போவேணாம்மா” என்றார். திட்டவில்லை. திட்டியிருந்தால் நானும் நாலு வார்த்தை கேட்டிருப்பேன்.

அன்று சாயங்காலம் வீட்டுக்காரர் வந்து செருப்பைக் கழற்றினபடியே, “பச்சை ஒட்டிட்டாங்கடி. இப்ப மூணு கூட்டணுமா, வேணாமா?” என்று கேட்டார்.

கிண்டல் என்று நினைத்து அவர் முகத்தைப் பார்த்தேன். கிண்டல் இல்லை. உண்மையாகவே சந்தேகம். என் கண்ணால் அளந்ததை, என் வாயால் சொன்னதை, எவனோ பார்க்காமல் அச்சடித்த காகிதம் பாதி அழித்துவிட்டதே! கட்டின புருஷன் மனதிலேயே அழித்துவிட்டதே! வேலையை விட்டுவிடு என்று அழுதேன், கத்தினேன், சோறாக்காமல் படுத்தேன். சீசனில் விட்டால் எவன் திரும்ப வேலை கொடுப்பான் என்றார். கடைசியில் ஓர் உடன்படிக்கைக்கு வந்தோம். சாப்பாட்டு நேரத்தில் நான் போன் செய்வேன். முள் எங்கே நிற்கிறது என்று அவர் சொல்ல வேண்டும். கூட்டுகிற வேலையை நான் பார்த்துக்கொள்வேன்.

தடை முடிந்தது. மிஷினுக்கு ஓய்வே இல்லை. இரண்டு ஆபரேட்டர்களும் சேர்ந்தே நின்றார்கள். வெயில் அப்படி ஒரு வெயில், கூலிங் தண்ணீரே கொதித்தது என்பார். நான் லேபில் ஏசி அறையில் உட்கார்ந்து, யாரோ ஒரு மாத்திரைக் கம்பெனியின் தெர்மாமீட்டரைப் பார்த்துக்கொண்டிருப்பேன். மனசெல்லாம் அந்த நாற்காலியில் இருக்கும். போன் அடித்து அவர் எடுக்கும்வரை என் உயிர் என்னிடம் இருக்காது.

ஒரு நாள் மத்தியானம் எடுத்தவுடனே, “பதினாலு” என்றார். பின்னால் ஆட்கள் கத்துகிற சத்தம்.

“பதினேழுயா. நிறுத்து.”

“எப்டி நிறுத்தறது? மொதலாளி எதிர்ல நிக்கிறாரு. வண்டி வரிசையா நிக்குது.”

“நிறுத்துங்கறேன்ல!”

“இரு. பதினஞ்சு வந்துடுச்சி.”

பதினெட்டு. “மேல வால்வு கத்துதா?” என்றேன். பதினெட்டில் அது சீறியிருக்க வேண்டும். கூரையைத் தாண்டி ஊருக்கே கேட்டிருக்க வேண்டும்.

“இல்லியே” என்றார். “அமைதியா கீது.”

பிறகு, “ஐயோ, பெயின்ட்டு” என்றார். “வால்வு மேல ரெண்டு கோட்டிங் வுட்டேனே, ஒட்டிக்கிச்சி போல.”

ஓடு என்று நான் கத்தியதில் லேபில் இருந்தவர்கள் எல்லாம் எழுந்துவிட்டார்கள். அவர் ஸ்விட்சைத் தட்டிவிட்டு, குருவிநத்தத்துக்காரரின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வெளியே ஓடியிருக்கிறார். ஐஸ் ஏற்ற வந்தவர்களும் பின்னால் ஓடியிருக்கிறார்கள். எல்லாரும் ரோட்டில் நின்று பிளான்டையே பார்த்துக்கொண்டிருந்தார்களாம். ஒன்றும் ஆகவில்லை. கோடி கும்பிடு போட்டாலும் தீராது, ஒன்றுமே ஆகவில்லை. ஆனால் ஒன்றும் ஆகாததுதான் எங்களுக்கு வினையாகிவிட்டது. “சர்டிபிகேட் இருக்குது, பச்சை இருக்குது, முள்ளு பதினஞ்சத் தாண்டல. எந்த தைரியத்துல என் வண்டியெல்லாம் திருப்பி அனுப்பன?” என்று எல்லார் முன்னாலும் கேட்டு, முதலாளி அவரை அன்றைக்கே அனுப்பிவிட்டார். கூலிங் தண்ணீர் ஆறினதும் மிஷினைப் போட்டுவிட்டார்கள்.

வேலை போன புருஷன் வீட்டுக்கு வந்தபோது நான் வாசலில் நின்று சிரித்தேன். அக்கம்பக்கத்தில் பைத்தியம் என்று நினைத்திருப்பார்கள். தொழிற்சாலைகளைச் சோதிக்கிற அலுவலகத்துக்கு மனு எழுதிப் போட்டோம். வந்து பார்ப்பதாகச் சொன்னார்கள். அவர் இப்போது ஒரு குடோனில் மூட்டைக் கணக்குப் பார்க்கிறார். “வுடுடி, நாம தப்பிச்சிட்டோம்” என்பார். நானும் விட்டுவிடத்தான் பார்த்தேன்.

போன வாரம் சாப்பாட்டு நேரத்தில் போன் வந்தது. குருவிநத்தத்துக்காரரின் மனைவி. ஒரு கல்யாணத்தில் பார்த்துப் பேசியிருக்கிறேன், சின்னப் பெண்.

“அக்கா, முள்ளு பதினாலுல நிக்குதாம். மூணுதான கூட்டணும்? அவரு ஒரு தபா மூணுங்கறாரு, ஒரு தபா பச்சைதான் ஒட்டிக்கீதுங்கறாரு.”

விரிசல் விட்ட முள் இத்தனை நாளில் நகர்ந்திருக்கலாம். மூன்று நான்காகியிருக்கலாம், ஐந்தும் ஆகியிருக்கலாம். அளக்காமல் நான் என்ன சொல்வேன்?

“தெரியலியேடி” என்றேன். “நீ எங்க இருக்க?”

“பிளான்ட் வாசல்லதான்க்கா. சோறு எடுத்தாந்தேன். புள்ளையும் வந்துக்கீது.”

“சோத்த அங்கியே வையி. புள்ளயத் தூக்கிக்க. உம் புருசன வெளிய கூப்புடு, அவரு வர வரைக்கும் போன வைக்காத.”

“இன்னாங்க, இன்னாங்க” என்று அவள் கத்துவது கேட்டது. மிஷின் சத்தத்தில் அவருக்கு எங்கே கேட்கும்? திரும்பத் திரும்பக் கத்தினாள். பிள்ளையும் கூடச் சேர்ந்து அழ ஆரம்பித்தது. நான் போனைக் காதில் அழுத்திக்கொண்டு நின்றேன். பிறகு மிஷின் நின்றது. ஒரு ஆம்பிளைக் குரல் எரிச்சலாக ஏதோ கேட்டது.

“வந்துட்டாருக்கா” என்றாள். அழுகிற பிள்ளையைத் தட்டி அடக்கினாள்.

“நாளைக்கு?” என்றாள்.