பட்டன் பக்கம்

என் அத்தையின் கல்யாணம் கேஸ் சிலிண்டர் தீர்ந்துபோனதால் நின்றது என்று நான் பல வருடம் நம்பிக்கொண்டிருந்தேன். பள்ளிக்கூடத்தில் தோழிகளிடமும் அப்படித்தான் சொன்னேன். அவர்களும் நம்பினார்கள். ஐந்தாம் வகுப்பில் எதையும் அழுத்திச் சொன்னால் போதும்.

அந்த வருடம் எங்கள் வீட்டுக்கு ஒரு புத்தகம் வந்திருந்தது. தம்பிக்கு அப்போது ஆறு வயது. பிறந்ததிலிருந்து ஓயாத இருமல், எவ்வளவு சாப்பிட்டாலும் தேறாத உடம்பு. பிரைமரி காம்ப்ளக்ஸ் என்றார்கள், ஆஸ்துமா என்றார்கள், கண் பட்டுவிட்டது என்றார்கள். "இவனுக்கு முத்தம் குடுத்தா உப்புக் கரிக்குது டாக்டர்" என்று அம்மா போகிற இடத்திலெல்லாம் சொல்லுவாள். கடலூர் முதுநகரில் வீடு என்றதும், கடல் காற்று அப்படித்தான் இருக்கும் என்று ஒருவர் சிரித்தாராம். கடைசியில் சென்னையில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் தம்பியின் வேர்வையை எடுத்துச் சோதித்து, சிஸ்டிக் ஃபைப்ரோசிஸ் என்று பெயர் சொன்னார்கள். முதுகில் தட்டிச் சளியை வெளியேற்றக் கற்றுக்கொடுத்த பெண்தான் அந்தப் புத்தகத்தையும் கொடுத்தது. இந்த நோயோடு வாழும் பிள்ளைகளுக்காக வெளிநாட்டில் யாரோ எழுதிய ஆங்கிலப் படப் புத்தகம்.

வீட்டில் இங்கிலீஷ் மீடியம் நான் ஒருத்திதான். அப்பாவின் தங்கை, எங்களோடு இருந்த அத்தை, பி.எஸ்சி. முடித்தவள், அவளுக்கும் படிக்கத் தெரியும். ஆனால் புத்தகத்தை நான் யாரையும் தொடவிடவில்லை. தினமும் சாயங்காலம் தம்பியை உட்காரவைத்து, முதலில் இங்கிலீஷில் ஒரு தடவை கம்பீரமாகப் படிப்பேன். அப்புறம் தமிழில் சொல்லுவேன். தமிழில் சொல்லும்போது கொஞ்சம் என் கைச்சரக்கும் சேரும். புத்தகத்துப் பையன் வீட்டு வாசலில் எப்போதும் பனி கொட்டும், நான் மழையாக்கிவிட்டேன். அவன் ஆப்பிள் கூழில் மாத்திரையைக் கலந்து சாப்பிட்டான்; எங்கள் வீட்டில் வாழைப்பழம், ஆகவே அவனுக்கும் வாழைப்பழம். கடற்கரைக்குப் போகிற நாளில் உப்பு கூடச் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்று ஒரு பக்கத்தில் வரும்.

"நமக்கு தெனமும் பீச்சுதானேக்கா?" என்றான் தம்பி.

"அதான் ஒனக்கு தெனமும் மோருல உப்பு ஜாஸ்தி" என்றேன். அந்தப் பதிலில் எனக்கே பெருமை.

ஞாயிற்றுக்கிழமைகளில் சிதம்பரத்திலிருந்து மாமா வருவார். அம்மாவின் தம்பி, செல்போன் கடை வைத்திருந்தார். உள்ளங்கையைக் குழித்துக்கொண்டு தம்பியின் முதுகில் தட்ட ஆரம்பித்தால், அது வைத்தியம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். குத்துப்பாட்டுத் தாளம்தான். தம்பி சிரிப்பான், சிரிப்பில் இருமல் வரும், இருமலில் சளி வரும். "வந்துட்டான் பாரு வில்லன்!" என்று மாமா கத்துவார். அத்தை கிண்ணத்தை நீட்டுவாள். "வில்லன விட ஒங்க சத்தந்தான் பெருசா இருக்கு" என்பாள். இருவருக்கும் கல்யாணம் என்று பேச்சு வந்தபோது நான் குதித்தேன். இந்த ஞாயிற்றுக்கிழமை வாரம் முழுக்க நடக்கும் என்று நினைத்தேன். கல்யாணம் ஆனால் அத்தை சிதம்பரம் போய்விடுவாள் என்பது எனக்கு உறைக்கவில்லை.

புது சம்பந்தமும் இல்லை. அப்பா கட்டியதே தன் தாய்மாமன் மகளை. அதே தாய்மாமனின் மகனுக்கு இப்போது தங்கையைக் கொடுக்கிறார். பெண் எடுத்த வீட்டுக்குப் பெண் கொடுப்பது. அதைவிடப் பொருத்தம் ஏது என்று எல்லாரும் சொன்னார்கள். அம்மா மட்டும் எதுவும் சொன்னதாக நினைவில்லை.

புத்தகத்தில் எனக்கு மிகவும் பிடித்தது பட்டன் பக்கம். ஓர் அம்மா, ஓர் அப்பா. இருவர் சட்டைப்பையிலும் ஒரு நீல பட்டன், ஒரு சிவப்பு பட்டன். ஒவ்வொரு பிள்ளைக்கும் ஆளுக்கொன்று எடுத்துக் கொடுக்கிறார்கள். எதிர்ப் பக்கத்தில் நாலு பிள்ளைகள். அதில் ஒருத்தனுக்கு மட்டும் இரண்டும் சிவப்பு. அவன்தான் நம் கதாநாயகன். விளையாட்டு மாதிரி இருந்ததால் அந்தப் பக்கத்தைத் திரும்பத் திரும்பப் படிப்பேன். அத்தைக்குப் பூ வைத்து நிச்சயம் பண்ண மாமா வீட்டார் வருகிற வாரத்தில் அம்மாவுக்கும் அந்தப் பக்கம் பிடித்துப்போயிற்று.

"அந்த பட்டன் பக்கத்த படிடி" என்பாள், தம்பியின் முதுகைத் தட்டிக்கொண்டே. நாலைந்து நாள் கேட்டாள். ஒருநாள், "சொந்தக்காரங்களுக்குன்னு ஒண்ணு வருமே, அது எந்த எடம்?" என்று கேட்டு, நான் விரல் வைத்த இடத்தில் காலி மாத்திரை அட்டை ஒன்றைச் செருகி வைத்தாள். எட்டாவதோடு நின்ற அம்மாவுக்கு இங்கிலீஷ் ஆசை வந்துவிட்டது என்று முடிவுசெய்து, எழுத்துக் கூட்டிச் சொல்லித்தர வேறு தயாரானேன்.

பூ வைக்கிற அன்று சிதம்பரம் தாத்தாவும் மாமாவும் இன்னும் இரண்டு பெரியவர்களும் பழத்தட்டோடு வந்தார்கள். கூடத்தில் பேச்சு நடந்தது. அடுப்படியிலிருந்து அம்மா என்னைக் கூப்பிட்டாள்.

"தம்பிக்கு புஸ்தகம் படிச்சிக் காட்டு. கூடத்துலயே ஒக்காந்து படி. பட்டன் பக்கம்."

"பெரியவங்க பேசறாங்களேம்மா?"

"நீ படி. சத்தமா படி. அடுப்பாண்ட எனக்குக் கேக்கணும்."

பெரியவர்கள் பேசும்போது குறுக்கே போனால் தொடையில் கிள்ளுகிற அம்மா சொல்கிறாள்! விடுவேனா? மாத்திரை அட்டை இருந்த இடத்தைப் பிரித்து, இங்கிலீஷில் ஒரு பிடி பிடித்தேன். பேச்சு நின்றது.

"என்னா இங்கிலீஷ் பாரு!" என்றார் தாத்தா. "கெழவனுக்கும் புரியற மாரி தமிழ்ல சொல்லு கண்ணு."

"அம்மா அப்பா ரெண்டு பேர் பையிலயும் ஒரு செவப்பு பட்டன் ஒளிஞ்சிருக்கும் தாத்தா. அவுங்கள அது ஒண்ணும் பண்ணாது. ரெண்டு செவப்பும் ஒரே புள்ளைக்கு வந்துட்டா தம்பி மாரி ஆயிடும். சொந்தக்காரங்க பையிலயும் அதே பட்டன் இருக்கலாமாம். எல்லாம் ஒரே டப்பாவுலேர்ந்து வந்ததுல்ல?" டப்பா என் சொந்தச் சரக்கு.

"போதும், உள்ள போ" என்றார் அப்பா.

எனக்கு அப்போதுதான் சூடு பிடித்திருந்தது. "அப்ப மாமாகிட்டயும் இருக்குமாப்பா? அத்தகிட்டயும்?"

தம்பிக்கு முகம் மலர்ந்துவிட்டது. "அப்ப அவுங்க பாப்பாவும் என்ன மாரி மாத்திர சாப்புடுமா? எனக்கு ஜோடி!"

அறை வாசலில் பட்டுப்புடவையோடு அத்தை நின்றிருந்தாள். "திருப்பிப் படி" என்றாள். படித்தேன். அவளே வந்து மண்டியிட்டு, வரிக்கு வரி விரல் வைத்துப் படித்தாள். அன்றைக்கு நான் புத்தகத்தைப் பிடுங்கவில்லை. அத்தை மாமாவைப் பார்த்தாள். மாமா கையிலிருந்த செல்போனைப் பார்த்தார். அதில் வெளிச்சம்கூட இல்லை.

பாராட்டு வாங்க நான் அடுப்படிக்கு ஓடினேன். அடுப்பின்மேல் பால் சட்டி. பால் பச்சையாக இருந்தது. அடுப்பு எரியவில்லை. லைட்டரைக் கையில் பிடித்துக்கொண்டு அம்மா சும்மா நின்றிருந்தாள்.

"கேஸ் தீந்துடுச்சாம்மா?"

லைட்டரை மேடைமேல் வைத்தாள். "ஆமா. தீந்துடுச்சி."

கூடத்துக்கு ஓடி அறிவித்தேன்: "கேஸ் தீந்துடுச்சி! காபி வராது!"

"சரி மாப்ள, ரயிலுக்கு நேரமாச்சி" என்று அப்பாவிடம் சொல்லி எழுந்தார் தாத்தா. ரயிலுக்கு இன்னும் இரண்டு மணி நேரம் இருந்தது. கொண்டுவந்த பூவை அவர்கள் திரும்ப எடுத்துப்போகவில்லை, அத்தையும் தலையில் வைத்துக்கொள்ளவில்லை. அப்பா அதைச் சாமி படத்துக்குப் போட்டார்.

காபி கொடுக்காமல் அனுப்பினால் யாருக்குத்தான் கோபம் வராது? எனக்குக் கணக்கு நேராகிவிட்டது.

இரண்டு பேருக்கும் ரத்தம் எடுத்துப் பார்த்துக்கொள்ளலாம் என்று அத்தை சொன்னதாகவும், எழுத்தில் வந்துவிட்டால் வெளியிலும் யார் கட்டுவார்கள் என்று அப்பா மறுத்ததாகவும் பின்னால் தெரிந்துகொண்டேன். பல மாதம் மாமா வரவில்லை. ஞாயிற்றுக்கிழமையும் அம்மாவே தட்டினாள். அவள் தட்டலில் பாட்டு எதுவும் வராது. அத்தை ஒரே வீட்டில் இருந்துகொண்டு அம்மாவிடம் பேசாமலே இருந்தாள். பிறகு அத்தையை நெய்வேலியில் கொடுத்தார்கள். மாமாவுக்கும் வெளியில் பெண் எடுத்தார்கள். அப்புறம்தான் மாமா ஞாயிற்றுக்கிழமை ரயிலில் மறுபடி வந்தார், மனைவியோடு. தம்பியின் முதுகில் தாளமும் திரும்பி வந்தது.

இப்போது தம்பி என்னைவிட உயரம். போன மாதம் அவனுடைய செக்கப்புக்கு முதல் தடவையாக நானும் போனேன். டாக்டர் பழைய ஃபைலைப் புரட்டிக்கொண்டே, "அப்பவே ஒங்க அம்மாகிட்ட சொன்னேன், சொந்தத்துல கல்யாணம் பேசறவங்களுக்கு இத சொல்லிடுங்கன்னு. சொன்னாங்களா?" என்றார். அம்மா ஆமென்று தலையை ஆட்டினாள்.

திரும்பும் பஸ்ஸில் கேட்டேன். "ஏம்மா, நீயே வாய தொறந்து சொல்லியிருக்கலாம்ல?"

"ஒங்கப்பாகிட்ட ரெண்டு மாசம் சொன்னேன். நல்ல காரியத்துல வாய வெக்காதன்னாரு. நா கூடத்துல வந்து சொன்னா, தம் புள்ளைக்கு வந்துடுச்சேங்கற வயித்தெரிச்சல்ல தம்பி கல்யாணத்த கெடுக்கறான்னுவாங்க. புஸ்தகம் சொன்னா யார என்னா கேக்க முடியும்?"

"புஸ்தகமாம்மா சொல்லுச்சி?"

"மாமாகிட்டயும் இருக்குமான்னு நீ அன்னிக்கு கேப்பன்னு நா நெனைக்கலடி" என்று சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

பூ வைக்க வந்தவர்கள் போன மறுநாள் காலை எங்கள் வீட்டில் அதே சிலிண்டரில், அதே சட்டியில் பால் பொங்கி வழிந்தது. நான் பக்கத்தில்தான் இருந்தேன். தம்பியின் மாத்திரைக்கு வாழைப்பழம் பிசைந்துகொண்டே, "அம்மா, பாலு!" என்று கத்தினேன். வேறு எதுவும் எனக்குத் தோன்றவில்லை.