சொல்லிவிட்டுத்தான் போனேன்

நான் ஒப்பாரி பாடுகிறவள். திருத்துறைப்பூண்டிப் பக்கம் சாவு விழுந்தால் கூப்பிடுவார்கள். டைரக்டர் பெண் ஒருத்தி என்னை வைத்து ஒரு படம் எடுத்தாள். "நடிக்க வேண்டாம்மா, நீங்க நீங்களாவே இருங்க" என்றாள். இருந்தேன்.

இரண்டாவது படத்துக்கு வந்தவள் என் வீட்டுக்குள்ளேயே பாடச் சொன்னாள். யாரும் சாகாத வீடு.

"யாருக்குப் பாப்பா பாடுறது?"

"சும்மா பாடுங்கம்மா. யாருக்குன்னு பாக்குறவங்க நெனச்சுக்கட்டும்."

யாரை நினைப்பார்கள்? கால் விழுந்து கட்டிலோடு கிடக்கிற என் வீட்டுக்காரரைத்தான் நினைப்பார்கள். நான் வாய் திறப்பதற்குள் லைட் போட்டுவிட்டார்கள். அவரைக் கட்டிலோடு கொல்லைத் தாழ்வாரத்துக்குத் தூக்கிப் போய்விட்டார்கள். போகும்போது அவர் சிரித்தார்.

"பாடேன்டி. செத்தப்புறம் எனக்குக் கேக்குமா? இப்பவே கேட்டுக்கிறேன்."

பாடினேன். ராசா என்று வருகிற இடமெல்லாம் ஆத்தா என்று மாற்றினேன். என் ஆத்தா போய் நாளாயிற்று.

கடைசியில் நான் வாசல் தாண்டிப் போக வேண்டும். சாவு வீட்டில் கிளம்பும்போது போயிட்டு வரேன் என்று சொல்ல மாட்டோம். திரும்பி வருவதென்றால் இன்னொரு சாவுக்குத்தானே. பேசாமல் இறங்கிவிடுவோம். முதல் படத்தில் இதை அவளுக்குச் சொன்னதே நான்தான். அப்படிப் பேசாமல் இறங்கிப் போகத்தான் இப்போது சொன்னாள்.

நிலைப்படிக்கு வந்தேன். கால் போகவில்லை. திரும்பி, "போயிட்டு வரேங்க" என்றேன்.

கொல்லையிலிருந்து அவர் குரல். "வரும்போது வெத்தல வாங்கிட்டு வா. கொழுந்தா பாத்து வாங்கு. போன தடவ வாங்குனத மாடுகூடத் திங்காது."

"கட். அம்மா, சொல்லக் கூடாதுன்னு நீங்கதானே சொன்னீங்க?"

"அது சாவு வீட்டுல."

"படத்துல இது சாவு வீடும்மா. சும்மா நடிங்க."

"நடிக்க வேண்டாம்னியே பாப்பா."

மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் சொன்னேன். அவரும் மறுபடி வெற்றிலை கேட்டார். வெயில் சாய்ந்ததும் விட்டுவிட்டார்கள்.

திருவாரூரில் ஒரு காலேஜில் படத்தைப் போட்டார்கள். முன்வரிசையில் உட்கார வைத்தார்கள். திரையில் பாடுகிறேன், எழுகிறேன், நிலைப்படியில் திரும்புகிறேன். வாய் அசைகிறது. சத்தம் இல்லை. நான் சொன்னதை எடுத்துவிட்டிருக்கிறார்கள். கொல்லைச் சத்தமும் இல்லை. அப்படியே இறங்கிப் போய்விடுகிறேன்.

எல்லோரும் கை தட்டினார்கள். மேடையில் ஒருவர் அந்த மௌனம் பெரிய விஷயம் என்றார். என்னிடம் மைக்கை நீட்டினார்கள். படத்தில் விட்டுப்போனதைச் சொன்னேன்.

"போயிட்டு வரேங்க."

கிளம்புகிறேன் என்று நினைத்து மறுபடி கை தட்டினார்கள். மைக்கை வாங்கிக்கொண்டார்கள்.

பஸ் ஸ்டாண்டில் கொழுந்து வெற்றிலை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

"என் கொரலு வந்துச்சா?" என்றார்.

"வந்துச்சு."

"என்னன்னு?"

"வெத்தலன்னு."

சிரித்துக்கொண்டே காம்பைக் கிள்ளினார். அடுத்து கும்பகோணத்தில் போடுகிறார்களாம். அங்கேயும் திரையில் நான் சொல்லாமல்தான் போவேன்.