தொப்பூர் ஹோட்டலில் எடுத்த ஊமைப்படம்

பரோட்டாக் கல்லில் எண்ணெய் காயும் வாசனையோடு, கணவாயில் இறங்கும் லாரிகளின் பிரேக் கருகும் வாசனையும் சேர்ந்து வரும். அதுதான் தொப்பூரில் எங்கள் ஹோட்டல். கல்லாவில் அப்பா, அடுப்படியில் அம்மா.

நான் தர்மபுரியில் காலேஜ் படித்த சமயம், கூடப் படித்த பசங்கள் ஷார்ட் ஃபிலிம் எடுக்க எங்கள் ஹோட்டலுக்கு வந்தார்கள். லாரி ஹாரனில் ஒரு வசனமும் உருப்படியாகப் பதிவாகவில்லை.

"வுடுப்பா, ஊமைப்படமாவே எடுத்துடலாம்" என்றான் கேமரா வைத்திருந்த பிரபு.

ஹோட்டல் நடத்தத் தெரியாமல் ஒருவர் திண்டாடுகிற காமெடி. முதலாளி வேஷம் அப்பாவுக்கே.

அவர்களுக்குத் தெரியாத விஷயம் ஒன்று... அப்பாவும் அம்மாவும் பேசி ஒரு மாதம் ஆகியிருந்தது. மாமா வீட்டு கிரகப்பிரவேசத்துக்குக்கூட ஹோட்டலை மூடமாட்டேன் என்று அப்பா அடம்பிடித்ததில், அம்மா தனியாகப் போய்வந்த கோபம். அப்பா சுவரைப் பார்த்து "ரெண்டு ஆம்லெட்" என்பார். அம்மா காதில் விழாத மாதிரி தோசை ஊற்றுவாள். டிரைவர்கள் வந்ததைத் தின்றுவிட்டுப் போனார்கள்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அம்மா பையைத் தூக்கிக்கொண்டு மாமா வீட்டுக்கே போய்விடுவாளோ என்று தினமும் பயந்துகொண்டுதான் காலேஜ் போனேன்.

கதைப்படி சர்வர் வழுக்கி விழவேண்டும். அதற்காகத் தரையில் தண்ணீர் ஊற்றி வைத்திருந்தோம். சர்வராக நடித்தவன் வருவதற்குள் அப்பா குறுக்கே போய்... தொபுக்கடீர்! விழும்போது அவர் பிடித்த பலகையோடு மைதா டப்பாவும் கவிழ்ந்து தலை முழுக்க வெள்ளை.

"ஏங்க... அடி கிடி பட்டுச்சாங்க? பாத்து வரக்கூடாதா?"

ஓடிவந்த அம்மா முந்தானையால் அவர் முகத்தைத் துடைத்தாள். அன்றைக்கு இரண்டு பேரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டார்கள். எனக்கு அப்போதுதான் உயிரே வந்தது.

காலேஜில் படம் போட்டபோது அந்த இடத்துக்குத்தான் விசில் பறந்தது.

ரோடு அகலப்படுத்தியதில் ஹோட்டலை இடித்துவிட்டார்கள். அப்பா போன வருஷம் தவறிவிட்டார். இந்த வாரம் பிரபு அந்தப் படத்தைத் தேடியெடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தான். அம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். விழுவதற்குச் சற்று முன்னால் அப்பா அடுப்படிப் பக்கம் ஒரு பார்வை பார்க்கிறார், அம்மா பார்க்கிறாளா என்று. இத்தனை வருஷத்தில் நான் கவனிக்கவே இல்லை.

"வேணும்னேதான் வுழுந்தாரு மனுசன். எனக்கு அப்பவே தெரியும்" என்றாள் அம்மா.

நானும் என் வீட்டுக்காரரும் பேசி நாலு நாளாகிறது... இங்கே யாரும் விழுகிற மாதிரி தெரியவில்லை.