கதவைப் பூட்டிவிட்டுக் காட்டிய நடனம்

ஜப்பான்காரன் ஆட்சியில் மலாக்கா டவுன் தியேட்டர் ஒன்றில் படம் ஓட்டிக்கொண்டிருந்தேன். தமிழ்ப் படங்களை எல்லாம் பறித்துக்கொண்டு போய்விட்டார்கள். அவர்கள் கொடுப்பதைத்தான் ஓட்ட வேண்டும்.

ஒரு நாள் பிரசார அதிகாரி ஒருவர் நான்கு தகர டப்பாக்களைத் தானே சுமந்து என் மெஷின் அறைக்கு வந்தார். கைக்குழந்தையைக் கிடத்துவதுபோல் மேசையில் வைத்தார். உள்ளே அவர்கள் நாட்டுப் பழைய மேடை நடனமாம்.

"ஆடுகிறவருக்கு எழுபது வயதாகிறது. அவரோடு இந்த ஆட்டம் செத்துவிடக் கூடாது என்றுதான் படம் பிடித்திருக்கிறோம். ஒரு கீறல் விழுந்தாலும் உன் கை இருக்காது" என்று மலாயில் சொன்னார்.

ஞாயிறு பகல் காட்சி இலவசம், வருகிற ஆண்களுக்கு அரிசியும் உண்டு என்று அறிவித்தார்கள். அண்ணனைக் கூப்பிட்டது நான்தான்.

"அவன் கூத்து எனக்கு எதுக்குடா?"

"படத்தப் பாக்காட்டி விடுங்கண்ணே. அரிசி குடுக்கறான். புள்ள பெத்த அண்ணிக்குக் கஞ்சியாவது வெக்கலாம்ல?"

நாங்கள் குடியிருந்த காஜா பேராங்கிலிருந்து இருவரும் நடந்தே போனோம். அண்ணன் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்தார், நான் மேலே மெஷின் அறைக்கு ஏறினேன். திரையில் முகம் முழுக்க வெள்ளை பூசிய அந்தக் கிழவர் பெண் வேடத்தில் விசிறியை மெல்லத் திருப்பினார். அழகாக இருந்தது. ஒரு நிமிடம் நான் அதில் லயித்துப்போனேன். அதை நினைத்தால் இன்றும் என்மேலேயே காறித் துப்பத் தோன்றுகிறது.

கீழே கதவுகளுக்குச் சங்கிலி போட்டார்கள். விளக்குகள் எரிந்தன. சிப்பாய்கள் துப்பாக்கிக் கட்டையால் இடித்து ஆண்களைப் பின்வாசலுக்குத் தள்ளினார்கள். அங்கே லாரிகள் நின்றன. சயாமில் ரயில் பாதை போட ஆள் வேண்டுமாம்.

"தம்பி! கதவத் தெறக்கச் சொல்லுடா!" அண்ணனின் குரல்.

நான் பாய்ந்த வேகத்தில் கை மெஷினில் பட்டுப் படம் அறுந்தது. மெஷின் பக்கத்திலேயே காவல் நின்ற அதிகாரி என் கன்னத்தில் அறைந்தார். நான் ஓடியதற்காக அல்ல, படம் அறுந்ததற்காக. கீழே மனிதர்கள் அலறிக்கொண்டிருக்க, அவர் மண்டியிட்டுச் சுருளைக் கைக்குட்டையால் துடைத்தார். அறுந்த இடத்தை என்னை ஒட்டச் சொன்னார். ஒட்டினேன், சுத்தமாகவே ஒட்டினேன். இறங்கி வந்தபோது லாரிகள் போய்விட்டிருந்தன.

"நீங்கதானே கூட்டிட்டுப் போனீங்க?" என்று மட்டும் கேட்டாள் அண்ணி.

அண்ணன் திரும்பவில்லை. பேதி கண்டு செத்தார், குழியில் பத்துப் பேரோடு போட்டு மூடினார்கள் என்று தப்பி வந்த ஒருவர் சொன்னார்.

ஜப்பான்காரன் சரணடைந்த வாரம், டப்பாக்கள் மெஷின் அறையிலேயே கிடந்தன. வீட்டுக்குப் பின்னால் கொண்டுபோய்ச் சுருள்களைக் குவித்துத் தீ வைத்தேன். குப்பென்று பிடித்தது. அந்தக் கிழவர் எனக்கு எந்தத் தீங்கும் செய்யவில்லை. தெரியும். தெரிந்துதான் வைத்தேன்.

அண்ணி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்து நின்றாள்.

"எரிச்சா அவரு வந்துருவாரா?"

அவள் பிள்ளையை என் கையில் கொடுத்துவிட்டு, மிச்சமிருந்த கடைசிச் சுருளை எடுத்துத் தானே நெருப்பில் வீசினாள்.