புயலுக்கென்று வைத்திருந்த ஜெர்மன் இசைத்தட்டு

அந்த இசைத்தட்டின் உறையில் ஐந்து ஜெர்மானியர்கள் ஒரே நிறத்தில் கோட்டு மாட்டிக்கொண்டு நிற்கிறார்கள். ஐவருக்கும் வாய் நிறையச் சிரிப்பு. கிட்டார், ட்ரம்பெட், டிரம்ஸ் எல்லாம் உண்டு, பாடத்தான் ஆளில்லை. போரில் நொறுங்கிய ஊர்களில் ஜனங்கள் எல்லாவற்றையும் மறந்து ஆடட்டும் என்று வாசித்த குழுவாம். கப்பலில் வேலை பார்த்த பெரியப்பா அங்கிருந்து வாங்கி வந்தார். பிறகு வேதாரண்யம் பக்கத்தில் எங்கள் ஊரிலேயே மைக் செட் வைத்துப் பிழைத்தார்.

கல்யாணத்துக்கு, கோயிலுக்கு, சாவுக்கு என்று எல்லாவற்றுக்கும் எங்களிடம் பாட்டு இருந்தது. இந்தத் தட்டுதான் எதிலும் சேராமல் கிடந்தது. உப்பளப் பக்கம் கடல்காற்றில் அறிவிப்பின் சொற்கள் சிதறிவிடும், ட்ரம்பெட் மட்டும் போய்ச் சேரும். அதனால் புயல் எச்சரிக்கை வந்தால் பெரியப்பா இதைப் போடுவது ஊர் வழக்கமாகிவிட்டது. கேட்டதும் மாட்டை அவிழ்த்துவிட்டுப் பள்ளிக்கூடத்துக்குப் போய்விட வேண்டும். மற்ற நாளில் தட்டைத் தொட விடமாட்டார். எனக்கு அந்த மெட்டு பிடிக்கும். பிடிக்கிறதே என்று பயமாகவும் இருக்கும்.

பெரியப்பா மகளான அக்காவின் கல்யாணத்தில், தாலி கட்டி முடித்த அத்தான் மைக் செட் பக்கம் போனார். திருத்துறைப்பூண்டிக்காரர், அவருக்கு என்ன தெரியும்? படம் அழகாக இருக்கிறதே என்று தட்டைப் போட்டுவிட்டார். பந்தியில் பாதிப் பேர் சோற்றுக் கையோடு எழுந்து ஓடினார்கள். பெரியப்பா மைக்கைப் பிடுங்கி, "புயல் இல்லங்க, மாப்பிள்ளை ஆசைப்பட்டுப் போட்டது. உக்காந்து சாப்பிடுங்க" என்றார். ஊரே சிரித்தது. அவர் மட்டும் சிரிக்கவில்லை.

அந்த வாரமே, துடைத்துவிட்டதுபோல் வானம் வெளுத்திருந்த ஒரு காலையில், எச்சரிக்கை வந்தது. தட்டு சுழன்றது. உப்பளத்தில் தனியாகக் குடியிருந்த ஒருத்தி, மறுவீட்டு விருந்துக்குப் பாட்டுப் போடுகிறார்கள் என்று நினைத்து, உப்புக் குவியலுக்குக் கீற்று மூடிக்கொண்டே இருந்துவிட்டாள். பள்ளிக்கூடத்தில் அவளைக் காணாமல் பெரியப்பா வாய்க்கால் கரையோடு சைக்கிளில் தேடிப் போனார். காற்று வலுத்ததும் பயந்துபோன அவள் ரோட்டு வழியாக வந்து சேர்ந்துவிட்டாள். பெரியப்பா வரவேயில்லை.

மைக் செட்டை, எங்கள் ஊரோடு தங்கிவிட்ட அத்தான்தான் இன்றும் நடத்துகிறார். அவரை ஒருவரும் ஒரு வார்த்தை கேட்டதில்லை. கேட்டிருந்தால் தேவலை. தட்டு அக்காவின் பெட்டியில் துணி சுற்றிக் கிடந்தது.

போன மாதம் நான் ஊருக்குப் போயிருந்தபோது எல்லாருடைய போனிலும் எச்சரிக்கை வந்தது. வெயில் சுள்ளென்று அடித்தது. "போன தடவையும் இப்படித்தான் சொன்னானுவ" என்று டீக்கடையில் ஒருவர்கூட அசையவில்லை. அக்கா பெட்டியைத் திறந்தாள். தட்டை அத்தானிடம் நீட்டி, "போடுங்க" என்றாள். அவர் பழைய ரெக்கார்டு பிளேயரைத் தூசி தட்டி எடுத்துவைத்து, தட்டை வேட்டியில் துடைத்துப் போட்டார்.

ட்ரம்பெட் எழுந்ததும் தெருவில் கதவுகள் திறந்தன. மேசைமேல் கிடந்த உறையில் ஐவரும் அதே சிரிப்போடு இருந்தார்கள். முதல் ஆளாக மூட்டையோடு வந்து நின்றவள் உப்பளத்துக்காரி. இப்போது கிழவியாகிவிட்டாள்.

"நான் வந்துட்டேன்னு மைக்குல சொல்லிடுங்க தம்பி" என்றாள் அத்தானிடம். "என்னத் தேடி யாராச்சும் போயிடப் போறாங்க."