சுவர் எழும்புமுன் போட்ட இரண்டு மனுக்கள்

நீதிபதி பிரெஞ்சில் கேட்டதை நான்தான் அஞ்சலைக்குத் தமிழில் சொன்னேன். "சுவர் எங்கேன்னு கேக்குறார்."

"இன்னும் கட்டலியே! கட்டக்கூடாதுன்னுதானே வந்திருக்கேன்," என்றாள் அவள்.

பிரெஞ்சுக்காரர்கள் போய் இரண்டு வருஷம் ஆகியிருந்தது. புதுச்சேரி கோர்ட்டில் சட்டமும் பாஷையும் அப்படியே இருந்தன. நான் ஒரு வக்கீலிடம் குமாஸ்தா. அஞ்சலை புதுச்சேரியை ஒட்டிய கதிர்காமத்தில் நெல் பயிரிட்டு வந்த விதவை. அவள் வயலுக்கு வண்டி போக ஒரே பாதை, பக்கத்து நிலக்காரர் கோவிந்தசாமியின் நிலத்து ஓரமாகப் போனது. பாதை உரிமை பத்திரத்திலேயே இருந்தது. அதை மறித்துச் சுவர் வைக்கப்போவதாக அவர் ஊரெல்லாம் சொல்லித் திரிந்தார். வாயால் சொன்னதற்கெல்லாம் வழக்கு எடுக்க முடியாது என்று மனுவைத் தள்ளிவிட்டார்கள்.

அடுத்த மாதம் செங்கல் வந்து இறங்கியது. மறுபடி மனு. செங்கல் அவர் நிலத்தில்தானே கிடக்கிறது என்று மறுபடி தள்ளுபடி. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"இது நிக்காதுன்னு முதல்லயே சொல்லியிருக்கலாமே, முசியே," என்றேன் வக்கீலிடம். எங்கள் கோர்ட்டில் 'ஐயா'வுக்குப் பதில் பிரெஞ்சு 'முசியே'தான்.

"அந்தம்மா விட்டாத்தானேய்யா!"

கோர்ட் வாசலில் அஞ்சலை என்னைப் பிடித்துக்கொண்டாள். "கட்டறதுக்கு முன்னால வந்தா சீக்கிரம்ங்கிறீங்க. கட்டி முடிச்சப்புறம் வந்தா என் நெல்லு எப்படிய்யா வெளிய வரும்? அறுப்புக்கு இருவது நாள்தான் இருக்குது."

நியாயமான கேள்வி. அதற்கான பதிலை நாங்கள் முதல் நாளே சொல்லியிருக்க வேண்டும். "முதல் கல்லு வைக்கிற அன்னைக்கே ஓடியாம்மா. உய்சியேவக் கூட்டினு வர்றேன்," என்றேன். உய்சியே கோர்ட்டு அலுவலர். அவர் நேரில் பார்த்து எழுதிக் கையெழுத்துப் போட்டால் கோர்ட் அதை ஏற்கும்.

ஒன்பதாம் நாள் நடுப்பகலில் மூச்சிரைக்க ஓடிவந்தாள். உய்சியே சாப்பிட்டுவிட்டுப் படுத்திருந்தார். "மூணு மணிக்கு மேல வாங்க," என்று உள்ளேயிருந்து குரல் வந்தது.

"மூணு மணிக்குள்ள சுவர் முடிஞ்சிடும், முசியே!" என்று தெருவில் நின்று கத்தினேன். முணுமுணுத்துக்கொண்டே எழுந்து வந்தார்.

நாங்கள் ஜட்காவில் போய்ச் சேர்ந்தபோது சுவர் இடுப்பளவு வந்திருந்தது. எங்கள் இரண்டு மனுக்களும் கோவிந்தசாமியை உஷார்ப்படுத்தியிருந்தன. நாலு கொத்தனாரை வைத்து விறுவிறுவென்று எழுப்பிக்கொண்டிருந்தார். "என் நெலம், நான் கட்டறேன்," என்றார். உய்சியே டேப் வைத்து அளந்து எழுதிக்கொண்டார்.

மூன்றாவது மனுவை அவசரமாக எடுத்துக்கொண்டார்கள். வேலையை நிறுத்த உத்தரவு வந்தது. ஆனால் எழும்பிய சுவர் தீர்ப்பு வரும்வரை அப்படியே இருக்கலாமாம்! அந்த அறுப்பில் அஞ்சலையும் உறவுக்காரப் பெண்களும் ஒவ்வொரு கட்டாகச் சுவருக்கு மேலே தூக்கிக் கொடுத்து, ரோடு வரை தலையில் சுமந்தார்கள். தீர்ப்பு வந்து சுவரை இடித்தபோது அடுத்த நடவும் முடிந்திருந்தது.

அதற்குப் பிறகு வழக்கோடு வருகிறவரிடம், என்ன நடக்கப்போகிறது என்று நான் கேட்பதில்லை. என்ன நடந்தது என்றுதான் கேட்பேன். ஒன்றும் நடக்கவில்லையென்றால் மனு எழுத உட்காரமாட்டேன். எது நடந்தால் எங்களிடம் ஓடிவர வேண்டும் என்பதைத் தமிழில் ஒரு தாளில் எழுதிக் கையில் கொடுத்து அனுப்புவேன். அஞ்சலைக்கு அந்தத் தாளை யாரும் கொடுக்கவில்லை.