தளி மரக்கூரையின் எண்ணெய் வாசம்

காய்ந்த மரம் எண்ணெயைக் குடிக்கும்போது நிறம் மாறும்... வெளிறிக் கிடந்தது கருஞ்சிவப்பாகும். எனக்கு அந்த நிறம்தான் ஞாபகம். வாசம் ஞாபகமில்லை. ஓசூர் ஃபேக்டரியில் பெயின்ட் ஷாப்பில் நின்று நின்று என் மூக்கு செத்துப்போனது. இப்போது முகத்துக்கு அழகு சேர்க்க மட்டும்தான். அதையும் சரியாகச் செய்யவில்லை என்பாள் என் மனைவி.

ஃபேக்டரியில் ஆள் குறைத்தபோது பெயின்டர் முனிராஜோடு ஒட்டிக்கொண்டேன். முதல் வேலையே தளிப் பக்கம் ஒரு பெங்களூர்க்காரர் கட்டிய வீடு. ஓட்டுக்குப் பதில் தேவதாரு மரச் சில்லுகளை மீன் செதில் மாதிரி அடுக்கிய கூரை. மழையும் பூஞ்சையும் அண்டாமல் இருக்க மருந்து கலந்த எண்ணெய் அடிக்க வேண்டும்.

நான் ஏணி ஏறிய லட்சணத்தைப் பார்த்து முனிராஜ் தலையில் அடித்துக்கொண்டான். இறங்கியது உட்கார்ந்தபடியே... பேன்ட் போச்சு.

வீட்டுக்காரருக்கு நுரையீரல் சரியில்லை. எண்ணெய் நெடி போகும்வரை உள்ளே படுக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். கூரை முடிந்து நாங்கள் கதவு, ஜன்னல் வேலையில் இருந்தோம். வாராவாரம் கார் வரும். அவர் கார்க் கண்ணாடியை ஏற்றிவிட்டு, கேட்டுக்கு வெளியே காருக்குள்ளேயே உட்கார்ந்து கூரையையே பார்ப்பார். அவர் மனைவி மட்டும் வீட்டுக்குள்ளே போய் மோந்து பார்த்துவிட்டு வருவார்.

"இன்னும் நெடி இருக்குங்க."

கார் திரும்பிவிடும்.

மழை முடிந்து பனியும் வந்தது. பதில் மாறவில்லை. ஒரு நாள் அவர் என்னைக் கூப்பிட்டார்.

"நீ சொல்லுப்பா, வாசம் போயிடுச்சா? ஒரு ராத்திரி இதுக்கு அடியில படுத்துட்டாப் போதும் எனக்கு."

"எனக்கு மூக்கே வேலை செய்யாதுங்க சார்."

சிரித்தார். சிரிப்பு இருமலில் போய் முடிந்தது.

முனிராஜுக்கு நல்ல மூக்கு. பக்கத்துத் தோட்டத்தில் என்ன குழம்பு என்று இங்கிருந்தே சொல்லுவான். அவனைக் கேட்டேன்.

"நெடி எப்பவோ போயிருச்சுடா. அந்தம்மாவுக்குப் பயம். திடீர்னு மூச்சு முட்டினா இங்கேர்ந்து எந்த ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடறது? நீ வாயை மூடிட்டு ஜன்னலைத் தேய்."

அடுத்த வாரம் கார் வரவில்லை. அதற்கடுத்த வாரமும். பெங்களூரில், ஆஸ்பத்திரியிலேயே போய்விட்டார் என்று தோட்டக்காரர் சொன்னார்.

இப்போது அந்தம்மா தனியாக அந்த வீட்டில்தான் இருக்கிறார். வருஷாவருஷம் மழைக்கு முன்னால் எங்களைக் கூப்பிடுவார். ஏணிக்குப் பயந்த காலம் போய் எனக்கு முட்டி வலிக்கிற காலம் வந்துவிட்டது. போன மாசமும் போனோம். எண்ணெய் உள்ளே இறங்காமல் மேலேயே நின்றது.

"போதும்மா, மரம் இனிக் குடிக்காது" என்றான் முனிராஜ்.

அவர் கூரைக்கு அடியில் போய் நின்று, கண்ணை மூடி மூச்சை இழுத்தார்.

"வாசமே வரலையே முனிராஜ்... இன்னொரு கோட்டு அடிங்க."

முனிராஜ் பிரஷை எடுத்தான். வாசம் வந்ததா இல்லையா, எனக்குத் தெரியாது. இந்தத் தடவை நான் அவனைக் கேட்கவும் இல்லை.